ராத்திரிச் சண்டை, பகல் வெயில்

கேள்வியை முதலில் சுருக்கமாக எடுத்து வைத்துக்கொள்கிறேன். ஒரு நிமிடம்கூட ஓடாத பழைய கறுப்பு வெள்ளைப் படம் ஒன்றைப் பார்த்திருக்கிறீர்கள். பெண்கள் தங்கும் விடுதி அறை, கட்டில்கள், தரையைத் தொடும் வெள்ளை இரவு உடைகள், மும்முரமான தலையணைச் சண்டை. பொறுப்பாளர் அம்மா உள்ளே நுழைகிறார். கூட்டம் சிதறுகிறது. கட்டிலுக்கு அடியில் புகுந்த ஒருத்தி மட்டும் மாட்டிக்கொள்கிறாள். காலைப் பிடித்து வெளியே இழுக்கிறார்கள். இது நிஜ விடுதியில் எடுத்ததா? எடுத்தது யார்? இதில் சிரிக்க என்ன இருக்கிறது? பெயரில் 'செமினரி' என்று வருகிறதே, அப்படியானால் இவர்கள் கன்னியாஸ்திரீகளா?

கடைசிக் கேள்வியை முதலில் முடித்துவிடலாம். இல்லை. நம் ஊரில் செமினரி என்றால் பாதிரியாராகப் போகிறவர்கள் படிக்கும் இடம் என்றுதான் நினைவுக்கு வரும். 19-ம் நூற்றாண்டு அமெரிக்காவிலும் இங்கிலாந்திலும் அந்தச் சொல்லுக்கு இன்னொரு பொருளும் இருந்தது: பெண்கள் தங்கிப் படிக்கும் மேல்நிலைப் பள்ளி. எம்மா வில்லார்ட் 1821-ல் டிராய் நகரில் தொடங்கியதும், மேரி லயன் 1837-ல் மாசசூசெட்ஸில் தொடங்கிய மவுண்ட் ஹோலியோக்கும் 'பெண்கள் செமினரி' என்ற பெயரில்தான் இயங்கின. இரண்டாவது பின்னாளில் பெரிய கல்லூரியாக வளர்ந்தது. இந்த மாணவிகளை வைத்து மேடையில் சிரிப்பு மூட்டுவதும் படத்துக்கு முன்பே பழகிப்போன விஷயம். 1885-ல் லண்டனில் அரங்கேறிய 'மிக்காடோ' இசை நாடகத்தில் மூன்று பெண்கள் சேர்ந்து பாடும் பிரபலமான பாட்டு ஒன்று உண்டு. லேடீஸ் செமினரியிலிருந்து வெளியே வந்த அப்பாவிப் பிள்ளைகள் நாங்கள் என்று குறும்பாகச் சொல்லிக்கொள்வார்கள். ஆக, செமினரிப் பெண் என்ற சொல்லைக் கேட்டதுமே அன்றைய ரசிகர் உதட்டில் பாதிச் சிரிப்பு வந்திருக்கும்.

படத்தின் பெயர் 'செமினரி கேர்ள்ஸ்'. 1897-ல் தாமஸ் எடிசனின் கம்பெனி எடுத்தது. 1896 இறுதியில் அந்தக் கம்பெனியின் படப்பிரிவுக்குப் பொறுப்பேற்ற ஜேம்ஸ் ஒயிட் தயாரிப்பாளர்; கேமராவுக்குப் பின்னால் நின்றவர் வில்லியம் ஹைஸ். அந்தக் காலத்தில் இயக்குநர் என்று தனியாக ஒரு நாற்காலி கிடையாது. யாரை நிற்க வைப்பது, எங்கே கட்டில் போடுவது என்பதை இவர்களே பார்த்துக்கொண்டார்கள். எடிசன் பெயர் பெரிதாக இருக்கிறதே என்று அவரே வந்து தலையணை எடுத்துக் கொடுத்ததாகக் கற்பனை செய்ய வேண்டாம். அவருக்கு இது பல வியாபாரங்களில் ஒன்று.

நிஜ விடுதியும் இல்லை, நிஜ மாணவிகளும் இல்லை. செட் போட்டு, ஆட்களை வரவழைத்து நடத்தியது. 1893-ல் நியூ ஜெர்சியின் வெஸ்ட் ஆரஞ்சில் எடிசன் கம்பெனி ஒரு படப்பிடிப்புக் கொட்டகை கட்டியது. தார் பூசிய கறுப்புக் காகிதம் சுற்றிய, அழகு என்று எதுவும் இல்லாத பெட்டி அது. அன்றைய போலீஸ் வண்டிகளுக்கு மக்கள் வைத்திருந்த பட்டப்பெயரான 'பிளாக் மரியா'வை அங்கே வேலை செய்தவர்கள் அந்தக் கொட்டகைக்கும் வைத்துவிட்டார்கள். கூரையில் ஒரு பகுதியைத் திறந்து வைக்கலாம். கட்டடமே வட்டமான தண்டவாளத்தின் மேல் உட்கார்ந்திருந்தது. சூரியன் நகர நகர அதைத் தள்ளித் திருப்புவார்கள். ஏனென்றால் வெளிச்சத்துக்கு வெயிலைத் தவிர வழி இல்லை. 1901-ல் நியூயார்க்கில் கண்ணாடிக் கூரை ஸ்டூடியோ வரும்வரை எடிசன் ஆட்களின் பிழைப்பு வெயிலை நம்பித்தான் ஓடியது.

இதை மனதில் வைத்துக்கொண்டு படத்தை இன்னொரு முறை பாருங்கள். கதைப்படி ராத்திரி. விளக்கணைத்துத் தூங்க வேண்டிய நேரம். ஆனால் திரையில் அடிப்பது நல்ல பகல் வெயில். ராத்திரி என்று நமக்குச் சொல்வது இரவு உடையும் கட்டிலும் மட்டுமே. நாடக மேடையில் பழகிய ரசிகருக்கு அது போதும். இருட்டைக் காட்ட நீலச் சாயம் ஏற்றும் வழக்கமெல்லாம் பிறகு பரவியதுதான்.

சரி, தலையணைச் சண்டையை ஏன் பிடித்தார்கள்? இந்த ஒரு கம்பெனி மட்டும் இல்லை. 1897-ல் எடிசன் கம்பெனியே 'பில்லோ ஃபைட்' என்று தனியாக இன்னொரு படம் எடுத்திருக்கிறது. போட்டிக் கம்பெனியான அமெரிக்கன் மியூட்டோஸ்கோப்பும் அதே ஆண்டு அதே விஷயத்தை எடுத்தது. ஒருவர் படம் ஓடினால் இன்னொருவர் அச்சு அசலாக அதையே திரும்ப எடுப்பது அன்று சாதாரணம். சிலர் எடுக்கும் சிரமம்கூடப் படாமல் அடுத்தவர் பிரதியிலிருந்தே பிரதி எடுத்து விற்றார்கள்.

ஆனால் காப்பியடித்தல் மட்டும் காரணம் என்று நான் நினைக்கவில்லை. தலையணை மாதிரி ஊமைப் படத்துக்கு ஏற்ற சாமான் வேறு கிடைப்பது கஷ்டம். அன்றைய பிலிம் சிவப்பை உணராது; சிவப்புத் துணி கறுப்பாகத்தான் பதியும். வெள்ளைத் துணியோ கண்ணைப் பறிக்கும். இருண்ட பின்னணியில் வெள்ளை உடையும் வெள்ளைத் தலையணையும் பறந்தால், கலங்கிய பிரதியிலும் யார் யாரை அடிக்கிறார்கள் என்று தெரிந்துவிடும். கேமராவும் நகராது, கிட்டே வந்து முகத்தையும் காட்டாது. அதனால் சிரிப்பு முழுவதும் கையிலும் காலிலும்தான் இருந்தாக வேண்டும். ஓங்கி அடித்தாலும் யாருக்கும் வலிக்காது, எனவே நடிக்க வந்தவர்கள் பயப்படாமல் அடிக்கலாம், ஒத்திகையும் தேவையில்லை. இன்னொன்று: கத்திச் சண்டையைச் சத்தமில்லாமல் காட்டினால் ஏதோ குறைகிற மாதிரி இருக்கும். தலையணை பட்டால் என்ன பெரிய சத்தம் வரப்போகிறது? 'தொப்' என்ற ஒரு ஓசை, அதைப் பார்ப்பவரே மனதில் போட்டுக்கொள்வார்.

சிரிப்பு எங்கே இருக்கிறது என்பதற்கு, இதற்கு முந்தைய ஒரு குறும்புப் படத்தைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் பிடிபடும். 1895-ல் பிரான்சின் லூமியேர் சகோதரர்கள் எடுத்த தோட்டக்காரர் படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள். தோட்டக்காரர் ரப்பர் குழாயில் தண்ணீர் பாய்ச்சுகிறார். பின்னால் வரும் பையன் குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நின்றுபோகிறது. அவர் குழாயின் வாயைக் கண்ணருகே வைத்துப் பார்க்கிறார். பையன் காலை எடுக்கிறான். முகமெல்லாம் தண்ணீர். அந்தப் படத்தில் பையன் செய்வது நமக்கு முன்கூட்டியே தெரியும், தோட்டக்காரருக்குத் தெரியாது. 'ஐயோ, குனிந்து பார்க்காதே' என்று நாம் நினைக்கும் அந்த இரண்டு விநாடிதான் சிரிப்பின் விதை.

'செமினரி கேர்ள்ஸ்' வேறு வழியில் போகிறது. பொறுப்பாளர் வரப்போகிறார் என்று நமக்கு யாரும் முன்னறிவிப்பு தருவதில்லை. அவர் நுழையும்போது பெண்களோடு சேர்ந்து நாமும்தான் திடுக்கிடுகிறோம். நான் நான்கு வருஷம் விடுதியில் இருந்தவன். எங்கள் வார்டன் செருப்பு மாடிப்படியில் ஏறும் சத்தம் கேட்டதும் பதினெட்டுப் பேரும் ஒரே நொடியில் போர்வைக்குள் போய்விடுவோம், இருமல்கூட வராது. ஊமைப் படத்தில் அந்தச் செருப்புச் சத்தம் கிடையாது. மாட்டிக்கொள்வதற்கு முந்தைய அந்தக் கால் நிமிட அவகாசத்தை இந்தப் பெண்களுக்கு யாரும் கொடுப்பதில்லை. என் வரையில் இந்தப் படத்தின் சுவையே அதில்தான் இருக்கிறது. ஆனால் இதை நுணுக்கமான இயக்கம் என்று பாராட்டினால் ஒயிட்டே சிரித்திருப்பார். ஒரே கேமரா, ஒரே கோணம் என்பதால் தானாக வந்து சேர்ந்த வரம் அது.

இரண்டு படங்களும் ஒரே இடத்தில் முடிவதையும் கவனியுங்கள். தோட்டக்காரர் ஓடும் பையனைத் துரத்திப் பிடித்து, கேமராவுக்கு முன்னால் இழுத்து வந்து பின்புறத்தில் நான்கு வைக்கிறார். பொறுப்பாளர் அம்மா கட்டிலடியில் ஒளிந்தவளைக் காலைப் பிடித்து இழுக்கிறார். ஒளிந்தவர் கேமராவின் பார்வைக்கு வெளியே தப்பிப் போய்விட்டால் படம் முடிந்த மாதிரியே இருக்காது. எனவே யாரையாவது பிடித்து நடுவுக்கு இழுத்து வந்தாக வேண்டும். அதோடு பிலிமும் தீர்ந்துவிடும். அடுத்த நாள் காலை அந்தப் பெண்ணுக்கு என்ன தண்டனை, ஓடிப்போனவர்கள் அவளிடம் மன்னிப்புக் கேட்டார்களா என்பதெல்லாம் கேட்கக்கூடாது. அந்தக் கேள்விகளுக்கு இடம் தரும் அளவுக்குப் படங்கள் நீள இன்னும் சில வருஷம் ஆகும்.

குறும்புப் பிள்ளைகளுக்கு 1897 நல்ல வருஷம் என்றே சொல்லலாம். அந்த டிசம்பரில்தான் நியூயார்க் ஜர்னல் பத்திரிகையில் ருடால்ஃப் டர்க்ஸ் வரைந்த 'கட்ஸென்யாமர் கிட்ஸ்' சித்திரத்தொடர் தொடங்கியது: இரண்டு வால் பையன்கள், அவர்கள் கையில் சிக்கிய பெரியவர்கள். குறும்பு, பிடிபடுதல், அடி என்ற அதே வரிசை வாராவாரம் வந்துகொண்டிருந்தது.

இனி, இந்தப் படத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் பலர் நாசூக்காகத் தாண்டிப் போகும் ஒரு விஷயம். இது நகைச்சுவையா, ஒளிந்து பார்க்கும் சரக்கா? 1894 ஏப்ரலில் நியூயார்க் பிராட்வேயில் எடிசனின் கினெட்டோஸ்கோப் கடை திறந்தபோது படம் என்பது பெட்டிக்குள் கண் வைத்து ஒருவர் மட்டும் பார்ப்பது. வரிசையாக ஐந்து பெட்டிகளைப் பார்க்க 25 சென்ட். 1896 ஏப்ரலில் அதே ஊரில் பாட்டு, நடனம், வேடிக்கை எல்லாம் கலந்து காட்டும் ஒரு வெரைட்டி அரங்கில் எடிசன் பெயரில் திரையிடல் தொடங்கியது. ஆனாலும் ஒற்றை ஆள் பார்க்கும் பெட்டிகள் சாகவில்லை. மியூட்டோஸ்கோப் அப்படிப்பட்டதுதான். அட்டைகளைக் கைப்பிடியால் சுழற்றினால் படம் ஓடும், ஒரு பென்னி போதும். பெண்கள் மட்டும் இருக்கும் அறைக்குள், அதுவும் இரவு உடையில், எட்டிப் பார்க்கலாம் என்பது அந்த வியாபாரத்தின் நிரந்தரத் தூண்டில். தலையணைச் சண்டைப் படங்கள் இவ்வளவு விற்றதற்கு அதுவும் ஒரு காரணம் என்பதை மறைப்பதில் அர்த்தமில்லை. கழுத்திலிருந்து பாதம்வரை மூடிய உடைதான். இன்றைய கண்ணுக்கு அதில் ஒன்றுமில்லை. ஆனால் யார் கண் அந்தப் பெட்டியில் இருந்தது என்பதை வைத்துத்தான் அன்றைய வியாபாரம் நடந்தது.

அதே படத்தைக் குடும்பத்தோடு வந்து உட்கார்ந்திருக்கும் அரங்கில் போட்டால் வெறும் பள்ளிக்கூடக் குறும்பு. கம்பெனி பிரதிகளை வாடகைக்கு விடவில்லை, ஒரேயடியாக விற்றது. வாங்கிய திரையிடல்காரர் தான் விரும்பிய வரிசையில் ஒட்டுவார். ரயில் வருகிறது, நடனம், தீயணைப்பு வண்டி, பிறகு இந்தத் தலையணைச் சண்டை. பியானோ வாசிப்பவர் தோன்றிய மெட்டைப் போடுவார். சில இடங்களில் ஒருவர் பக்கத்தில் நின்று பேசுவார். அதாவது, சிரிப்பில் கால்பங்கு அரங்கில் தயாரானது. யூடியூபில் ஹெட்போன் போட்டுத் தனியாகப் பார்த்து 'இதுக்கா சிரிச்சாங்க?' என்று கேட்பது கொஞ்சம் அநியாயம்.

எட்டு வருஷம் தள்ளி, 1905-ல், அதே எடிசன் கம்பெனிக்காக எட்வின் போர்ட்டர் 'போர்டிங் ஸ்கூல் கேர்ள்ஸ்' எடுத்தார். இந்த முறை பெண்கள் நாலு சுவருக்குள் அடைந்து கிடக்கவில்லை. கோனி ஐலண்ட் பொழுதுபோக்குப் பூங்காவுக்குப் போய் ராட்டினமும் சறுக்கலுமாக ஆட்டம் போடுகிறார்கள். பல காட்சிகள், பல இடங்கள். குறும்பைவிடப் பூங்காதான் கதாநாயகன், எனக்கு அவ்வளவாக ஒட்டவில்லை. வேடிக்கை பார்க்க நல்ல படம்.

விடுதிக் குறும்பு நிஜமாக வளர்ந்து பெரிதானது பிரான்சில், ஊமைப் படக் காலம் முடிந்த கையோடு. 1933-ல் ழான் விகோ எடுத்த 'ஸேரோ த கோந்துயீத்'. நடத்தைக்குப் பூஜ்ய மதிப்பெண் என்று பொருள். அங்கே அந்த மதிப்பெண் வாங்கினால் ஞாயிற்றுக்கிழமை வெளியே போக முடியாது. அது பேசும் படம், முக்கால் மணி நேரத்துக்கும் குறைவு. ஆனால் அதன் உயிர் ஊமைப் படத்தில்தான் இருக்கிறது. பிள்ளைகளுக்குப் பிடித்த இளம் ஆசிரியர் மைதானத்தில் சாப்ளின் நடை நடந்து காட்டுவார். விகோவின் அப்பா அரசை எதிர்த்த அனார்க்கிஸ்ட். 1917-ல் சிறையில் இறந்துகிடந்தார். மகன் வேறு பெயரில் விடுதிப் பள்ளியில் ஒளிந்து படிக்க வேண்டியிருந்தது. எனவே அவருக்கு அந்தக் கட்டில் வரிசை செட் போட்ட இடம் அல்ல.

அதிலும் தலையணைச் சண்டை உண்டு. தலையணைகள் கிழிந்து இறகு பறக்கிறது, அறை முழுக்கப் பனி பெய்த மாதிரி. திடீரென்று காட்சி மெதுவாகிறது. இரவு உடைப் பையன்கள் கோயில் ஊர்வலம் போல நடந்து வருகிறார்கள், இறகு மேலே மிதக்கிறது. இசையமைப்பாளர் மோரிஸ் ழோபேர் அந்த இடத்துக்கான மெட்டை எழுதி, அதைத் தலைகீழாக வாசிக்க வைத்துப் பதிவு செய்து, பதிவைத் திருப்பி ஓடவிட்டார். மெட்டு நேராகவும் ஓசை பின்னோக்கியும் வரும். கனவில் கேட்கிற மாதிரி இருக்கும். கேமராமேன் போரிஸ் காஃப்மன். விடிவதற்குள் தூங்கும் கண்காணிப்பாளரைக் கட்டிலோடு சேர்த்துக் கட்டி, கட்டிலையே நிமிர்த்தி நிறுத்திவிடுகிறார்கள் பையன்கள். பிறகு கூரை ஏறி, விழாவுக்கு வந்த பெரிய மனிதர்கள் மேல் கையில் கிடைத்ததை எறிகிறார்கள். யாரும் அவர்கள் காலைப் பிடித்து இழுக்கவில்லை. கூரை முகட்டைத் தாண்டி ஏறிப் போய்க்கொண்டே இருக்கிறார்கள்.

1897-க்கும் 1933-க்கும் நடுவே மாறிய பெரிய விஷயம் அதுதான் என்பேன். பிரெஞ்சுத் தணிக்கை அந்தப் படத்தைத் தடை செய்தது. 1945 வரை பொதுமக்கள் பார்க்க முடியவில்லை. விகோ 1934-ல், 29 வயதில், காசநோயில் இறந்துவிட்டார். 'செமினரி கேர்ள்ஸ்' படத்தைப் பார்த்து எந்த அரசும் பயப்பட வேண்டியிருக்கவில்லை. கட்டிலடிக் கால் பிடிபட்டுவிட்டதே!

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்கிறேன்: இந்தப் படம் இன்று கிடைப்பதே ஒரு சட்ட ஓட்டையால். அந்தக் கால நைட்ரேட் பிலிம் எளிதில் பற்றிக்கொள்ளும், வைத்தாலும் மக்கிப்போகும். ஆனால் அமெரிக்கக் காப்புரிமைச் சட்டத்தில் 1912 வரை சினிமா என்ற வகையே கிடையாது. புகைப்படத்துக்குத்தான் உரிமை பதியலாம். கம்பெனிகள் என்ன செய்தன? படச்சுருள் முழுவதையும் கட்டம் கட்டமாக நீளமான புகைப்படக் காகிதத்தில் அச்சிட்டு, வாஷிங்டனில் உள்ள அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தில் 'இவை புகைப்படங்கள்' என்று கொடுத்துவிட்டன. அந்தக் காகிதச் சுருள்கள் பல பத்தாண்டு தூசியில் கிடந்தன. 1940-களில் ஹோவார்ட் வால்ஸ் என்ற நூலக ஊழியர் அவற்றின் மதிப்பைக் கண்டுகொண்டார். 1950-களில் கெம்ப் நிவர் அவற்றை ஒவ்வொரு கட்டமாகத் திரும்பப் படமெடுத்து 16 மில்லிமீட்டர் பிலிமுக்கு மாற்றினார். 3,000-க்கும் மேற்பட்ட படங்கள். அதற்காக அவருக்கு 1955-ல் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள். நீங்கள் பார்க்கும் பிரதியில் தெரியும் சொரசொரப்பும் நடுக்கமும் காகிதத்திலிருந்து மீட்ட படங்களுக்கே உரிய தழும்பு.

ஒரு பிரதி அரை நிமிடமும் இன்னொன்று ஏறக்குறைய ஒரு நிமிடமும் ஓடினால் எது முழுப்படம் என்று குழம்ப வேண்டாம். எடிசன் கம்பெனி அப்போது விற்ற படங்களின் வழக்கமான நீளம் 50 அடி, அடிக்கு 16 கட்டம், ஆக 800 கட்டம். விநாடிக்கு முப்பது வீதம் ஓட்டினால் 27 விநாடிக்குள் முடிந்துவிடும். பதினாறு வீதம் ஓட்டினால் 50 விநாடி. வேகமான பிரதியில் பெண்கள் பொம்மைகள் மாதிரி துள்ளுவார்கள். நான் மெதுவான பிரதியைத்தான் சொல்வேன். கட்டிலடியில் புகுவதற்கு முன் அவள் எந்தப் பக்கம் ஓடப் பார்த்தாள் என்பதை அதில்தான் நிதானமாகக் கவனிக்க முடியும்.